வெளியே போயிருக்கிறார்

எட்டுக்கரைச் சீமையில் ஏழு கரைகளுக்கு நிஜம் ஒழுங்காக வந்துகொண்டிருந்தது. எட்டாவது கரையான எங்கள் தளும்பூருக்கு மட்டும் அது கடைசி வீட்டுக் குழாயில் வருகிற தண்ணீர்போல, காலையில் கொஞ்சம் முட்டிக்கொண்டு வந்து, பத்து மணிக்கெல்லாம் நூலாகி, மத்தியானம் சுத்தமாக நின்றுவிடும். நின்றுவிட்டால் என்ன ஆகும் என்று வெளியூர்க்காரர்கள் கேட்பார்கள். பெரிதாக ஒன்றும் ஆகாது. கிழக்குத் தெருக் குளம் மேற்குத் தெருவில் கிடக்கும், உப்பு இனிக்கும், பதினாலு மாடிப்படி பதினொன்றாகவோ இருபதாகவோ இருக்கும், கொல்லையில் கட்டியிருக்கிற எருமை கொஞ்ச நேரம் கட்டிலாக இருந்துவிட்டுக் கறக்கிற நேரத்துக்கு மறுபடியும் எருமையாகிவிடும். "இன்னிக்கு ரொம்ப லோவா இருக்கு" என்று சொல்லிக்கொண்டு ஜனங்கள் அவரவர் வேலையைப் பார்ப்பார்கள். படியை எண்ணிக்கொண்டே ஏறுவார்கள், உப்பை நாக்கில் வைத்துப் பார்த்துவிட்டுப் போடுவார்கள், கட்டிலில் படுக்குமுன் அதற்கு வால் இருக்கிறதா என்று ஒரு தடவை தடவிப் பார்ப்பார்கள். அவ்வளவுதான்.

நான்தான் அப்படி இருக்கப் பிறக்கவில்லை. பூட்டிய பூட்டை நாலு தடவை இழுத்துப் பார்த்தால்தான் எனக்குத் தெருவில் கால் நகரும். எங்கள் ஊரிலோ நாலாவது தடவை இழுக்கும்போது கையில் இருப்பது பூட்டாக இருக்காது, புடலங்காயாக இருக்கும். எங்கள் வீட்டுக்காரர் பதினாலாம் நம்பர் பஸ்ஸில் கண்டக்டர். காலையில் "போயிட்டு வர்றேன்" என்று பையை மாட்டிக்கொண்டு அவர் கிளம்பினால், சாயங்காலம் வந்து சேருகிற வரைக்கும் நான் வாசலுக்கு வந்து வந்து தெருவை எட்டிப் பார்த்துக்கொண்டே இருப்பேன். "அஞ்சுகம்னா கிளின்னு அர்த்தம். எல்லாத்துக்கும் அஞ்சணும்னு உனக்கு எவன் சொன்னான்?" என்று கேட்பார். சொல்வது சுலபம். ஒரு வியாழக்கிழமை காலையில் புறப்பட்ட அவர் பஸ், நிஜம் அவ்வளவு இறங்கியிருந்ததால், அதற்கு முந்தின செவ்வாய்க்கிழமை சாயங்காலமே வந்து சேர்ந்துவிட்டது. வியாழக்கிழமை வரைக்கும் வீட்டில் இரண்டு வீட்டுக்காரர்கள். இரண்டு பேரும் ஒரே நேரத்தில் வெந்நீர் கேட்டார்கள், இரண்டு பேரும் ஒரே துண்டைத் தேடினார்கள், ஒருவர் குழம்பில் உப்பு ஜாஸ்தி என்றால் மற்றவர் ஆமாம் என்றார். அன்றைக்குத்தான் முடிவு செய்தேன். எங்கள் ஊருக்கும் ஒரு ஸ்டெபிலைசர் வேண்டும் என்று நிஜ வாரியத்துக்கு ஊரார் எழுதிப் போட்ட மனுவில் முதல் கையெழுத்து என்னுடையது. எட்டாம் வகுப்போடு நின்றவள் கையெழுத்து, ஒவ்வொரு எழுத்தும் தனித்தனியாக, குண்டு குண்டாகத் தெரியும். நான் போடவில்லை என்று பின்னால் சொல்லவும் முடியாது.

யந்திரம் ஆடி மாதத்தில் லாரியில் வந்தது. ஃபிரிட்ஜுக்குப் பக்கத்தில் ஒரு ஸ்டெபிலைசர் வைப்பார்களே, அதே சாம்பல் நிறம், முன்பக்கம் அதே முள், அதே பச்சை விளக்கு. அளவு மட்டும் ஒரு வீட்டளவு. பழைய பஸ் ஷெட்டில் அதை இறக்கி, நாலு காலுக்கும் நாலு எலுமிச்சம்பழம் வைத்து, நெற்றி என்று தோன்றிய இடத்தில் பொட்டு வைத்து, மாலை போட்டார்கள். எதிர்வீட்டுப் பிரேமாவதியின் புருஷன் தையல்காரர்; அவர் கொசுவம் வைத்து ஒரு உறை தைத்துக் கொடுத்தார். யந்திரத்துக்கு வியர்க்கும் என்று யாரோ சொன்னதால் அதை மறுநாளே கழற்றிவிட்டார்கள்.

யந்திரத்தோடு திடநகரிலிருந்து பூவராகன் என்று ஒரு பதிவாளரும் வந்து இறங்கினார். திடநகரில் நிஜம் அவ்வளவு கெட்டி, அங்கே இட்லிமாவுகூட விண்ணப்பம் போட்டுத்தான் புளிக்கும் என்பார்கள். அவர் பேச்சும் அப்படித்தான் இருந்தது. "எது நிஜம்னு யந்திரத்துக்குத் தானாத் தெரியாது. அதுக்கு நாம சொல்லணும். வீட்டுக்கு ஒரு பக்கம். நீங்க சொன்னபடி நான் எழுதுவேன், எழுதினபடி நிக்கும்" என்றார். எழுதினபடி நிற்கும் என்றதும் ஊரே கைதட்டியது. எங்கள் ஊரில் அதுவரைக்கும் எதுவும் நின்றதில்லை.

ஒன்றை அவரும் கேட்கவில்லை, நாங்களும் சொல்லவில்லை. திடநகர்க்காரர்கள் எதையும் எப்படி வேண்டுமானாலும் பேசலாம், பேச்சால் அங்கே ஒன்றும் நகராது. தளும்புகிற ஊரில் அப்படி இல்லை. ஒரு கெட்ட சொல் காதில் விழுந்தால் போதும், நிஜம் அந்தப் பக்கமாகச் சாய்ந்துவிடும். அதனால் நாங்கள் எதையும் உள்ளபடி சொல்வதில்லை. குழந்தை கொழுகொழுவென்று இருந்தால் "நோஞ்சான்" என்போம். விளக்கை அணை என்று சொல்லமாட்டோம், குளிர வை என்போம். அரிசி தீர்ந்துபோனால் "அரிசி நிறைஞ்சிருக்கு" என்போம், கேட்கிறவர்கள் புரிந்துகொண்டு கடைக்குப் போவார்கள். அதிலும் வெள்ளிக்கிழமை, விளக்கு வைக்கிற நேரத்தில், 'இல்லை' என்ற சொல் எந்தப் பெண் வாயிலும் வராது. வந்தால் இருப்பதும் போய்விடும்.

பூவராகன் எங்கள் தெருவுக்கு வந்தது வெள்ளிக்கிழமை, விளக்கு வைக்கிற நேரத்தில். ஊரில் கடைசித் தெரு எங்களுடையது. இதை முடித்ததும் ஏழு மணிக்கு யந்திரத்தைப் போட்டுவிடுவார்கள் என்று அவசரத்தில் இருந்தார்.

"வீட்டுக்காரர் எங்கே?"

"வெளியே போயிருக்கார்."

எழுதினார்.

"நீங்க என்ன வேலை பாக்குறீங்க?"

அப்போது என் வலது கை ரசத்தை இறக்கிக்கொண்டிருந்தது, இடது கை விளக்குக்குத் திரி திரித்துக்கொண்டிருந்தது, ஒரு கால் பால் குடிக்க வந்த பூனையைத் தள்ளிக்கொண்டிருந்தது. "வேலை என்ன வேலை, வீட்டுல சும்மாதான் இருக்கேன்" என்றேன்.

எழுதினார்.

"அரிசி?"

காலையில்தான் பெட்டியின் அடியைச் சுரண்டி எடுத்திருந்தேன். "நிறைஞ்சிருக்குங்க."

எழுதினார். கையெழுத்து வாங்கிக்கொண்டு எதிர்வீட்டுக்குப் போனார். அங்கே பிரேமாவதி, "அட, வாசல்லயே நிக்கிறீங்களே, வாங்க சார், இதை உங்க வீடா நெனச்சுக்கங்க" என்று சொல்வது கேட்டது. எழுதியிருப்பார். மூலைவீட்டில், "எப்படி இருக்கீங்க?" என்றதற்கு, "ஏதோ இருக்கோம்" என்றார்கள். அதையும் எழுதியிருப்பார்.

ஏழு மணிக்கு 'டக்' என்று ஒரு சத்தம். பிறகு ஒரு ரீங்காரம். அவ்வளவுதான், மொத்த ஊரும் இஸ்திரி போட்ட வேட்டி மாதிரி விறைப்பாக நின்றது. குளம் கிழக்குத் தெருவில் இருந்தது, கிழக்குத் தெரு கிழக்கில் இருந்தது, உப்பு கரித்தது. நான் மாடிப்படியை எண்ணிக்கொண்டு ஏறினேன், பதினாலு. எண்ணிக்கொண்டு இறங்கினேன், பதினாலு. ஏழு தடவை ஏறி இறங்கியும் பதினாலுதான். நிம்மதியாக இருந்தது. அந்த நிம்மதி போய்விடுமோ என்று எட்டாவது தடவை ஏறிக்கொண்டிருந்தபோது வாசலில் எங்கள் வீட்டுக்காரர் குரல் கேட்டது.

"அஞ்சுகம், வாசல்ல என்ன வச்சிருக்கே?"

"கோலம் போட்டிருக்கேன். ஏன்?"

"கால் உள்ள வரமாட்டேங்குது."

வாசற்படிக்கு மேலே அவர் காலைத் தூக்கி உள்ளே வைத்தார். அது தெருவில் போய் ஊன்றியது. முதுகைக் காட்டிக்கொண்டு வந்து பார்த்தார், ஓடிவந்து குதித்துப் பார்த்தார். பையைத் தூக்கிப் போட்டார், அது உள்ளே வந்தது. டிபன் கேரியர் வந்தது, செருப்பு வந்தது, அவர் மட்டும் வரவில்லை. நான் போய்க் கையைப் பிடித்து இழுக்கலாம் என்று வெளியே காலை வைத்தேன். அது என் வீட்டுக்குள்ளேயே திரும்பி வந்து ஊன்றியது. ஒரு படிக்கு இந்தப்பக்கம் நானும் அந்தப்பக்கம் அவரும் ஒற்றைக்காலில் நிற்பதைப் பார்த்துவிட்டு, "என்னக்கா, வெள்ளிக்கிழமையும் அதுவுமா ரெண்டு பேரும் நொண்டி ஆடுறீங்க?" என்று சிரித்துக்கொண்டே வெளியே வரப்போன பிரேமாவதியும் அவள் வீட்டுக்குள்ளேயே நொண்டினாள்.

மறுநாள் காலையில் விஷயம் முழுசாகத் தெரிந்தது. ஊரில் ஒரு வாசல் தெளிக்கவில்லை, ஒரு அடுப்பு புகையவில்லை. என்ன வேலை என்று கேட்டதற்கு ஊரிலுள்ள அத்தனை பெண்களும் சொல்லிவைத்தாற்போல ஒரே பதிலைச் சொல்லியிருந்தோம், அதனால் அத்தனை பேரும் வீட்டில் சும்மா இருந்தோம். துடைப்பத்தை எடுக்கப் போனால் கை பாதியில் மடிக்குத் திரும்பி வந்துவிடும். உலாத்தலாம், உட்காரலாம், ஜன்னலில் நின்று பேசலாம். வேலை என்று யந்திரம் நினைக்கிற எதையும் செய்ய முடியாது. நல்லவேளையாகக் கவலைப்படுவதை அது வேலையாக நினைக்கவில்லை.

என் அரிசிப் பெட்டி விளிம்புவரை நிறைந்திருந்தது. தையல்காரர் வந்து ஒரு படி அள்ளினார். அரிசி ஒரு படி குறைந்தது, பிறகு குறைந்ததை மறந்துவிட்டது. மேலத்தெருவிலிருந்து வந்து அள்ளினார்கள், கீழத்தெருவிலிருந்து கோணியோடு வந்தார்கள். சாயங்காலத்துக்குள் தளும்பூர் முழுக்க என் பெட்டிச் சோற்றைத் தின்றது. சமைத்தது ஆண்கள்தான். முதல் மூன்று நாள் அவர்கள் வடித்ததைக் கஞ்சி என்றும் சொல்ல முடியாது, சோறு என்றும் சொல்ல முடியாது, ஆனால் வடிக்குமுன்பே 'ஆடவர் அடுக்களைச் சங்கம்' என்று ஒன்றை ஆரம்பித்துத் தலைவர், செயலாளர் எல்லாம் போட்டுவிட்டார்கள். ஒரு பங்கு அரிசிக்கு எத்தனை பங்கு தண்ணீர் என்று தீர்மானம் நிறைவேற்றினார்கள். ஒரு வாரத்தில் ஓரளவு வாயில் வைக்க முடிந்தது. அதற்கு அவர்களுக்குள்ளேயே ஒருவருக்கொருவர் பொன்னாடை போர்த்திக்கொண்டார்கள்.

ஊர்த் தலைவர் வைரக்கண்ணு ரேஷன் கடையை மூடிவிட்டு, 'தன்னிறைவு பெற்ற தளும்பூர்' என்று என் வீட்டு ஜன்னலுக்கு மேலேயே ஒரு பேனர் கட்டினார். மூலைவீட்டுக்காரர்கள் எழுத்துப்படி 'ஏதோ' ஆகிவிட்டார்கள். அவர்கள் எத்தனை பேர், யார் யார் என்று யாராலும் சொல்ல முடியவில்லை, அந்த வீட்டுக்குள் ஏதோ இருந்தது, தபால்காரர் ஏதோ ஒரு கையில் கடிதத்தைக் கொடுத்துவிட்டு வந்தார். பிரேமாவதி வீடு பதிவாளருடைய வீடாகிவிட்டது. சாயங்காலமானால் பூவராகனின் கால் அவரைக் கேட்காமல் அங்கே நடந்து வந்தது, வருகிறவர் வெறுங்கையோடு வரக் கூச்சப்பட்டு ஒரு கட்டு கீரையும் வாங்கி வந்தார். "இருபது வருஷம் கழிச்சு இப்பத்தான்க்கா மத்தியானத்துல படுத்துத் தூங்குறேன். நல்ல மிஷினு" என்று பிரேமாவதி எதிர் ஜன்னலிலிருந்து சொன்னாள். பாதிப் பெண்கள் அப்படித்தான் சொன்னார்கள். எனக்கு அவர்கள்மேல் கோபம் இல்லை. அவர்கள் வீட்டுக்காரர்கள் எல்லாம் பதிவு நேரத்தில் கண்ணெதிரே இருந்தார்கள், எங்கே என்ற கேள்வியே அங்கே வரவில்லை.

என்னவர் மட்டும்தான் வெளியே இருந்தார். முதல் நாள் வாசற்படி. மறுநாள் காலையில் பார்த்தால் ஒரு அடி தள்ளி நின்றார். அதற்கு மறுநாள் இரண்டடி, அப்புறம் நாலு, அப்புறம் எட்டு. அவர் நடக்கவில்லை, விடிந்தால் அங்கே இருப்பார். ஜன்னல் வழியாகப் பதிவாளரைக் கூப்பிட்டுக் கேட்டேன்.

"வெளியேன்னு எழுதியிருக்கும்மா. எவ்வளவு வெளியேன்னு நீங்க சொல்லல. யந்திரம் அளவு தேடுது."

"எப்ப நிறுத்தும்?"

"அது சொல்லாததைப் பத்தி நான் எப்படிச் சொல்ல முடியும்?"

எட்டாம் நாள் அவர் விளக்குக் கம்பத்தடிக்குப் போனார். பத்தாம் நாள் டீக்கடைக்குப் போனார்; அங்கே நின்றதில் அவருக்கு ரொம்ப வருத்தம் இருந்ததாகச் சொல்ல முடியாது. அதற்கப்புறம் கண்ணுக்குத் தெரியாத தூரம். நான் ஜன்னலில் சொன்னதைத் தெருவில் ஒவ்வொருவராகச் சொல்லி அனுப்பினார்கள். "மழை வரும்போல இருக்கு, குடை வச்சிருக்காரான்னு கேளுங்க" என்று சொல்லி அனுப்பினேன். "எந்தக் கடையும் வைக்கல, கையில காசு ஏதுன்னு சொல்றாரு" என்று பதில் வந்தது. 'சாப்பிட்டாரா' என்று அனுப்பினேன். 'நல்லாத் தூங்கினேன்' என்று வந்தது. இருபத்திரண்டு வருஷம் ஒரே வீட்டில் இருந்து பேசியதும் கிட்டத்தட்ட இப்படித்தான் இருந்தது என்பது வேறு விஷயம்.

பன்னிரண்டாம் நாள் பஸ் ஸ்டாண்டு. அதைத் தாண்டினால் ஆற்றுப்பாலம், பாலத்தோடு யந்திரத்தின் எல்லை முடிகிறது. முன்னெல்லாம் பாலத்துக்கு அந்தப்பக்கமும் எங்கள் ஊரைப்போலத்தான் லோவாக இருக்கும், பஸ் போய் வரும். இப்போது எங்கள் தளும்பல் அத்தனையும் அங்கே ஒதுங்கி, நிஜம் அடியோடு வற்றிவிட்டதால் பஸ்ஸையே நிறுத்தியிருந்தார்கள். மேயப் போன ஆடு ஒன்று பாலத்தைத் தாண்டியது. ஆடு திரும்பி வரவில்லை. அது கத்தின 'மே' மட்டும் திரும்பி வந்து இரண்டு நாள் தெருத் தெருவாகச் சுற்றியது.

அந்த 'மே' என் ஜன்னலடியில் வந்து நின்ற அன்றைக்கு நான் சாப்பிடவில்லை. என் கைக்கும் காலுக்கும்தான் எழுத்தில் தடை இருந்தது, வாய்க்கு இல்லை. காலையில் பல் தேய்க்க எதிர்வீட்டு வாசலுக்கு வந்த பூவராகனைப் பிடித்துக்கொண்டேன், சாயங்காலம் கீரையோடு வந்தபோதும் விடவில்லை.

"ஒரு வீட்டுக்கு ஒரு தடவை மறுபதிவு உண்டு" என்று கடைசியில் ஒத்துக்கொண்டார். "பழைய பக்கத்தைக் கிழிச்சுட்டு எல்லாத்தையும் முதல்லேருந்து கேட்பேன். ஆனா முதல் தடவை வாய்ச்சொல் போதும், ரெண்டாவது தடவை கண்ணால பாத்துத்தான் எழுதணும்னு விதி. அதுக்கு ஊர்த் தலைவர் கையெழுத்தும் வேணும்."

வைரக்கண்ணு ஆட்களோடு என் ஜன்னலுக்கு வந்தார்.

"தங்கச்சி, பக்கத்தைக் கிழிச்சா அரிசி என்ன ஆகும்?"

"பெட்டி காலியாத்தாண்ணே இருந்துச்சு."

"அப்ப ஊரு வயித்துல அடிக்கணும்ங்கிறே."

"அண்ணே, அவரு நாளைக்குப் பாலத்துல நிப்பாரு. நாளன்னைக்கு எங்கே நிப்பாருன்னு நெனச்சுப் பாருங்க."

"கண்டக்டர் தினமும் வெளியூர் போற ஆளுதானேம்மா. அவருக்கு அது புதுசா?" என்றார். கூட்டத்தில் நாலு பேர் சிரித்தார்கள். "வேணும்னா பாலத்துல அவருக்கு ஒரு நிழற்குடை கட்டித் தர்றோம். உன் பேரையே போட்டுருவோம்." சங்கச் செயலாளர் அதை உடனே குறித்துக்கொண்டார்.

அவர்கள் போன பிறகு வீட்டுக்குள் இரண்டு சுற்றுச் சுற்றினேன். அடுப்பை மூடியிருக்கிறதா என்று பார்த்தேன், பதினாலு நாளாக அது மூடித்தான் இருந்தது. பிறகு போய் அரிசிப் பெட்டியின் மூடியின்மேல் ஏறி உட்கார்ந்துகொண்டேன்.

மறுநாள் காலையில் கோணியோடு வந்தவர்கள் எழுந்திருக்கச் சொன்னார்கள். "வீட்டுல சும்மா இருக்கேன்" என்றேன். தூக்கிப் பார்த்தார்கள். நாலு பேர் சேர்ந்து இழுத்தார்கள். எழுதினபடி நிற்க வைக்கிற யந்திரம் எழுதினபடி உட்காரவும் வைக்கும் என்பது அப்போதுதான் எல்லாருக்கும் தெரிந்தது. மலையைக்கூடத் தள்ளியிருக்கலாம், என்னைத் தள்ள முடியவில்லை. மத்தியானம் ஊரில் உலை வைக்கவில்லை. குழந்தைகள் அழுகிற சத்தம் என் காதுக்கு வந்தது, அது எனக்குக் கஷ்டமாகத்தான் இருந்தது, ஆனாலும் எழுந்திருக்கவில்லை. ரேஷன் கடைக் கிடங்கில் மூட்டை இருக்கிறது, சாவி வைரக்கண்ணு இடுப்பில் இருக்கிறது. நாலு மணிக்கு அவர் வந்து சங்கத் தீர்மானத்தின் பின்பக்கத்திலேயே கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். "முதல் கையெழுத்து நீ போட்டே பாரு, அதைச் சொல்லணும்" என்று முணுமுணுத்தார்.

அன்றைக்கும் வெள்ளிக்கிழமை. பூவராகன் நோட்டை எடுத்துக்கொண்டு வந்தபோது மறுபடியும் விளக்கு வைக்கிற நேரம் ஆகிவிட்டது. ஏழு மணிக்கு யந்திரம் புதுப் பக்கத்தைப் படித்துக்கொள்ளும், அதற்குள் முடிக்க வேண்டும் என்றார். ஊரே ஜன்னலில் முகத்தை வைத்துக்கொண்டு நின்றது. வீட்டுக்காரர் பாலத்தின் கடைசிக் கல்லில் நிற்கிறார் என்று தெரு வழியாகச் செய்தி வந்தது. வழக்கமாக மாறி வருகிற செய்தி அன்றைக்கு மட்டும் மாறாமல் வந்தது.

பக்கத்தைக் கிழித்தார். பெட்டிக்குள் ஒரு பெருமூச்சு கேட்டது. என் வீடு மட்டும் பழையபடி தளும்ப ஆரம்பித்தது, மாடிப்படி ஒன்பதானது, சுவர்க் கடிகாரத்தில் முள்ளுக்குப் பதிலாக இரண்டு முருங்கைக்காய்கள் சுற்றின. பூவராகன் கண்ணை மூடிக்கொண்டு, "அரிசி?" என்றார்.

"தங்கச்சி" என்றார் ஜன்னலில் வைரக்கண்ணு, கெஞ்சலாக. "வழக்கத்தை விடாதே. வெள்ளிக்கிழமை."

பதிவாளர் பெட்டிக்குள் கையை விட்டுத் தட்டினார். தகரம் பேசியது. என் கையில் அப்போதுதான் ஏற்றிய விளக்கு இருந்தது. என் அம்மா சொன்னதில்லை, அவள் அம்மா சொன்னதில்லை, விளக்கைப் பார்த்துக்கொண்டு அந்தச் சொல்லைச் சொன்ன முதல் ஆள் எங்கள் வீட்டில் நான்தான்.

"இல்லை."

சுடர் ஆடியது, ஆனால் அணையவில்லை. எழுதினார்.

"வீட்டுக்காரர்?"

இதற்குத்தான் பதினாலு நாளாகப் பதில் தேடிக்கொண்டிருந்தேன். 'இருக்கார்' என்று சொல்ல முடியாது, கண்ணால் பார்த்து எழுதுகிறவர் எங்கே என்பார். 'இல்லை' என்று சொன்னால் நாக்கை அறுத்துக்கொள்ள வேண்டும். 'வந்துருவார்' என்றால் என்றைக்கும் வருவார், இன்றைக்கு வரமாட்டார். 'வந்துக்கிட்டே இருக்கார்' என்றால் அதைவிட மோசம், பாலத்துக்கும் வாசலுக்கும் நடுவே ஆயுசுக்கும் வந்துகொண்டே இருப்பார். எல்லாச் சொல்லிலும் ஒரு ஓட்டை இருந்தது. கடிகாரத்தில் ஒரு முருங்கைக்காய் ஏழைத் தொடப்போனது.

"சீக்கிரம்மா."

"போயிட்டு வர்றேன்னு சொல்லிட்டுத்தான் போனார்" என்றேன், வேறு ஒன்றும் தோன்றாமல். சொன்ன பிறகுதான் எனக்கே கேட்டது. "எழுதிக்கங்க சார். தினமும் போயிட்டு வர்றார். அவரு அப்படிப்பட்டவர்."

"பாத்து எழுதணும்."

"வாசப்படியைப் பாருங்க. நட்டநடுவுல ரெண்டு தேய்வு இருக்கு. வலதுபக்கம் போன கால், இடதுபக்கம் வந்த கால்."

அவர் குனிந்து டேப்பை வைத்து அளந்தார். இரண்டு பள்ளமும் நூல் பிசகாமல் ஒரே ஆழம் இருந்தது. போனது எத்தனையோ வந்ததும் அத்தனை. திடநகர்க்காரர் முகத்தில் முதல் தடவையாக ஏதோ இளகினது. 'போய்விட்டு வருகிறார்' என்று எழுதினார்.

"நீங்க என்ன வேலை பாக்குறீங்க?"

எதிர் ஜன்னலில் பிரேமாவதி, "அக்கா, பாத்துச் சொல்லு, இதோட மாத்த முடியாது" என்று கத்தினாள். சமைக்கிறேன், துடைக்கிறேன், தண்ணி பிடிக்கிறேன் என்று ஆரம்பிக்கத்தான் வாயைத் திறந்தேன். அவர் என் கையைப் பார்த்தார். அது நன்றாக எரிகிற திரியை மறுபடியும் மறுபடியும் தூண்டிக்கொண்டிருந்தது. என் கண் கடிகாரத்துக்கும் வாசலுக்கும் போய் வந்துகொண்டிருந்தது. நான் ஒன்றும் சொல்லுமுன்பே, கண்ணால் பார்த்ததை அவர் எழுதிவிட்டார்: 'கவலைப்படுகிறார்.'

டக்.

ஏழே முக்காலுக்கு என்னவர் வந்தார். தாடி, கையில் யாரோ கொடுத்த குடை. இடதுபக்கப் பள்ளத்தில் கால் வைத்து ஏறி, உள்ளே வந்து, செருப்பைக் கழற்றி மூலையில் விட்டார்.

"ஏன் இவ்வளவு நேரம்?" என்றேன்.

"பதினாலு நாளைக் கேக்கலே, முக்கால் மணி நேரத்தைக் கேக்குறே பாரு" என்று சொல்லிவிட்டுச் சொம்பை எடுத்துத் தண்ணீர் குடித்தார்.

ஊர் என்னைப் பத்து நாள் திட்டியது, பதினோராம் நாள் ரேஷன் கடையில் வரிசையில் நின்றபோது மறந்துபோனது. மற்றப் பெண்களும் ஒவ்வொருவராக மறுபதிவு கேட்டார்கள். இந்தத் தடவை எல்லாரும் யோசித்துச் சொன்னதால் ஒருத்தி வேலைக்கே நாலு பக்கம் ஆகி, திடநகரிலிருந்து இன்னொரு லாரியில் நோட்டு வர வேண்டியதாயிற்று. ஆடவர் அடுக்களைச் சங்கம் இப்போது வருஷத்துக்கு ஒரு நாள் கூடி, சமைத்த காலத்தைப் பற்றிப் பேசுகிறது. சாப்பாடு வீட்டிலிருந்து வருகிறது. பிரேமாவதி மட்டும் மாற்றவே இல்லை. பூவராகன் கீரை வாங்கி வந்து, ஆய்ந்தும் கொடுக்கிறார். மூலைவீட்டுக்காரர்கள் ஏதோ இருக்கிறார்கள்.

எங்கள் வீட்டுக்காரர் தினமும் போய்விட்டு வருகிறார். லீவு நாளிலும் போய்விட்டு வந்தாக வேண்டும், காய்ச்சல் என்றாலும் கம்பளியைப் போர்த்திக்கொண்டு மூலைவீடு வரை போய்விட்டு வருகிறார், போன மாசம் ரிட்டையர் ஆனார், மறுநாள் காலையில் பையை மாட்டிக்கொண்டு போய்விட்டு வந்தார். வருவார் என்று எழுத்தில் இருக்கிறது, எழுத்துக்கு யந்திரம் காவல் இருக்கிறது, யந்திரத்தில் பச்சை விளக்கு எரிகிறதா என்று நான் போய்ப் பார்த்துவிட்டுத்தான் வந்திருக்கிறேன். ஆனாலும் விளக்கு வைத்த பிறகு உள்ளே இருப்புக்கொள்வதில்லை. மணி ஏழேகால் ஆகிறது. வாசலில், எழுதினபடி நிற்கிறேன்.